கண்ணுக்குத் தெரியாத கைகள்

நுழையும்முன்

இன்று திரையில் ஒரு நாகம் தீயைக் கக்கினால், அதைக் கணினி செய்தது என்று சிறு குழந்தையும் சொல்லிவிடும். கணினி பிறவாத காலத்திலும் திரையில் நாகங்கள் பறந்தன. கடலடியில் அரண்மனைகள் எழுந்தன. விரல் அளவுப் பாவைகள் பேசின, பாடின, போர் புரிந்தன. அவற்றைச் செய்தவை மனிதக் கைகள். அக்கைகள் எவ்வளவு நன்றாக உழைத்தனவோ அவ்வளவுக்குப் பார்வையாளரின் கண்ணுக்கு மறைந்து நின்றன. அத்தகைய கைகளுக்கு உரியவர்களுள் ஒருவர், சோவியத் நாட்டின் பாவைப்பட முன்னோடியும் காட்சி விளைவுக் கலைஞருமான அலெக்சாந்தர் பிதுஷ்கோ. அவருடைய கலைவாழ்வின் வழியே, திரையில் அற்புதம் உருவாகும் முறையையும் அதன் பின்னுள்ள உழைப்பையும் அறிமுகப்படுத்துகிறது இப்பாடம்.

அசைவு என்னும் தோற்றம்

திரைப்படத்தில் உண்மையில் எதுவும் அசைவதில்லை. படச்சுருளில் இருப்பவை அசையாத படங்களே. ஒலியுடன் கூடிய திரைப்படத்தில் ஒரு நொடிக்கு 24 படங்கள் நம் கண்முன் வந்து மறைகின்றன. அடுத்தடுத்த படங்களுக்கு இடையிலுள்ள சிறு வேறுபாட்டை நம் மூளை அசைவாகப் புரிந்துகொள்கிறது. இந்தப் படங்கள் ஒவ்வொன்றையும் 'சட்டகம்' என்பர்.

இவ்வுண்மையை அடிப்படையாகக் கொண்டதே பாவை அசைவூட்டம். ஒரு பாவையை நிறுத்திவைத்து ஒரு சட்டகம் எடுக்க வேண்டும். பிறகு அதன் கையை இம்மியளவு உயர்த்தி அடுத்த சட்டகத்தை எடுக்க வேண்டும். மீண்டும் உயர்த்த வேண்டும். மீண்டும் எடுக்க வேண்டும். இவ்வாறு எடுத்தவற்றைத் தொடர்ந்து ஓட்டினால் பாவை தானே கையை உயர்த்துவதுபோல் தோன்றும். கையை அசைத்த கலைஞர் எந்தச் சட்டகத்திலும் இருக்கமாட்டார்.

இதன் உழைப்பைக் கணக்கிட்டுப் பார்க்கலாம். ஒரு நிமிடக் காட்சிக்கு 1440 சட்டகங்கள் தேவை. சட்டகத்துக்குச் சட்டகம் இருபது பாவைகளை அசைக்க வேண்டுமானால், அந்த ஒரு நிமிடத்துக்கு 28,800 அசைவுகளைக் கையால் செய்தாக வேண்டும். இடையில் ஒரு பாவை சற்றே சாய்ந்துவிட்டாலும், விளக்கின் ஒளி சிறிது மாறிவிட்டாலும் அது திரையில் துடிப்பாகத் தெரிந்துவிடும். வரைந்த படத்தில் பிழையை அழித்துத் திருத்தலாம். பாவைப் படத்தில் அத்தகைய வாய்ப்பு அரிது. தொடக்கத்திலிருந்தே மீண்டும் எடுக்க நேரும். பொறுமையே இக்கலையின் முதல் கருவி.

லுகான்ஸ்கிலிருந்து மாஸ்கோவுக்கு

பிதுஷ்கோ 1900ஆம் ஆண்டு, அன்றைய இரஷ்யப் பேரரசிலும் இன்றைய உக்ரைனிலும் அடங்கிய லுகான்ஸ்க் நகரில் பிறந்தார். இளமையில் நாடக அரங்குகளில் நடிகராகவும் அரங்க ஓவியராகவும் பணியாற்றினார், செய்தியாளராகவும் விளங்கினார். பின்னர் மாஸ்கோ சென்று பிளெகானவ் பொருளியல் நிறுவனத்தில் பயின்றார். திரைக்கலைக்கும் அவர் கற்ற பொருளியலுக்கும் நேரடித் தொடர்பில்லை. எனினும், வண்ணம் தீட்டவும் பொறிகளின் இயக்கத்தை அறியவும் கதை சொல்லவும் ஒருங்கே பழகிய ஒருவருக்கு அக்காலத்தில் திரைப்படத்தைப் போன்ற பொருத்தமான களம் வேறில்லை.

1927ஆம் ஆண்டு அவர் மாஸ்கோவின் திரைப்பட நிலையத்தில் சேர்ந்தார். அந்நிலையமே பிற்காலத்தில் 'மோஸ்ஃபிலிம்' என்னும் பெயரால் புகழ்பெற்றது. அங்கு அவர் பெற்ற முதற்பணி, பிற இயக்குநர்களின் படங்களுக்குப் பாவைகள் செய்துதருவது. விரைவில் தாமே குறும்படங்களை இயக்கத் தொடங்கினார். 'பிராத்திஷ்கின்' என்னும் பாவைப் பாத்திரத்தை முதன்மையாகக் கொண்டு சில பேசாப்படங்களை உருவாக்கினார். பாவைகளையும் நடிகர்களையும் ஒரே சட்டகத்தில் கொண்டுவரும் முயற்சிகளில் அவர் இக்காலத்திலேயே ஈடுபட்டார். கற்றதைத் தம்மோடு நிறுத்திக்கொள்ளாமல் 1931ஆம் ஆண்டில் அசைவூட்டக் கலைபற்றி ஒரு நூலும் எழுதி வெளியிட்டார்.

'புதிய கலிவர்'

பிதுஷ்கோவின் பெயரை உலகறியச் செய்த படம் 1935ஆம் ஆண்டில் வெளிவந்த 'புதிய கலிவர்'. ஆங்கில எழுத்தாளர் ஜோனதன் ஸ்விஃப்ட் 1726ஆம் ஆண்டில் வெளியிட்ட 'கலிவரின் பயணங்கள்' நூலே இதன் மூலம். கிரீமியாவின் ஆர்த்தெக் சிறுவர் முகாமில் இருக்கும் பேத்யா என்னும் சிறுவன் அந்நூலைப் பரிசாகப் பெறுகிறான். அதை வாசிக்கக் கேட்டுக்கொண்டே உறங்கிப்போகிறான். கனவில் அவனே கலிவராகி, விரல் அளவு மனிதர்கள் வாழும் லில்லிபுட் நாட்டை அடைகிறான். அங்கே ஆடம்பரத்தில் மூழ்கிய அரசவை ஒருபுறம். நிலத்தடியில் படைக்கலம் செய்யும் தொழிலாளர்கள் மறுபுறம். பேத்யா தொழிலாளர் பக்கம் நிற்கிறான்.

அரசவை வாழ்வை எள்ளி நகையாடிய ஸ்விஃப்டின் கதை, இப்படத்தில் வர்க்கப் போராட்டக் கதையாக மாறியிருப்பதைக் காணலாம். கலைஞர் ஒருவர் தம் காலத்தின் அரசியலிலிருந்து முற்றிலும் விலகி நின்றுவிட முடியாது என்பதற்கு இது சான்று. திரைப்படத்தொழில் முழுவதும் அரசின் கையில் இருந்த நாட்டில், அரசு ஏற்கும் கருத்தைச் சொல்லும் படத்துக்கே பொருளும் படச்சுருளும் கிடைக்கும். எனினும், இன்று அப்படத்தைக் காண்போரை ஈர்ப்பது அதன் அரசியல் முழக்கத்தைவிட, அதில் நடமாடும் பாவைகளின் முகங்களே.

இப்படத்துக்காக ஆயிரத்துக்கும் மேற்பட்ட பாவைகள் செய்யப்பட்டன. முதன்மைப் பாவைகளின் தலைகள் கழற்றி மாற்றத்தக்கனவாக அமைந்தன. சினத்துக்கு ஒரு முகம், சிரிப்புக்கு ஒரு முகம், பேசும்போது வாய் குவிவதற்கு ஒரு முகம், விரிவதற்கு ஒரு முகம் எனத் தனித்தனியே வடிவமைக்கப்பட்டன. பாவை ஒரு சொல்லைப் பேச வேண்டுமானால், அச்சொல்லின் ஒலிக்கேற்ப முகங்களைச் சட்டகம் சட்டகமாக மாற்றிக்கொண்டே வர வேண்டும். இதனால் அரசவையின் மனிதர்கள் ஒவ்வொருவரும் தனித்த குணமுடைய ஆளாகத் தோன்றினர்.

சிறுவன் பேத்யா இரத்தமும் சதையுமான நடிகன். அவனைச் சூழ்ந்து நிற்கும் கூட்டமோ பாவைகள். உயிருள்ளவன் தன்போக்கில் அசைவான். பாவைகளைச் சட்டகத்துக்கு ஒருமுறை அசைக்க வேண்டும். காலத்தால் ஒன்றோடொன்று பொருந்தாத இவ்விரண்டையும் ஒரே திரையில் ஒரு மணி நேரத்துக்கும் மேலாகப் பொருத்திக் காட்டியதே இப்படத்தின் அருஞ்செயல். உலகின் தொடக்ககால முழுநீளப் பாவைப் படங்களுள் ஒன்றாகத் திரை வரலாறு இதைப் போற்றுகிறது.

இயக்குநரின் பெயரே முன்னிற்கும் இப்பெருமையில் பலருக்குப் பங்குண்டு. பாவை முகங்களை வடித்த சிற்பி சாரா மொக்கில், ஒளிப்பதிவாளர் நிக்கலாய் ரென்கோவ், இசையமைப்பாளர் லெவ் ஷ்வார்ட்ஸ் ஆகியோர் அவர்களுள் குறிப்பிடத்தக்கவர்கள்.

| தெரியுமா? |
அமெரிக்காவில் வெளியான 'கிங் காங்' (1933) படத்திலும் மாபெரும் குரங்கைச் சட்டகம் சட்டகமாகவே அசைத்தனர். அங்கே மனிதர் நடுவே ஒரு பாவை பேருருக் கொண்டது. 'புதிய கலிவர்' படத்தில் பாவைகள் நடுவே ஒரு மனிதன் பேருருக் கொண்டான். ஒரே கலை நுணுக்கம் இரு நாடுகளில் எதிரெதிர்த் திசைகளில் வளர்ந்ததற்கு இவ்விரு படங்களும் சான்று.

கதைகளுக்கு வந்த சோதனை

சோவியத் நாட்டில் தேவதைக் கதைகளுக்கு எப்போதும் வரவேற்பு இருந்ததில்லை. 1920களில் கல்வியாளர் பலர் அவற்றை ஐயத்துடன் நோக்கினர். அரசர்களும் மந்திரவாதிகளும் நிறைந்த கதைகள் புதிய சமுதாயத்தின் குழந்தைகளைப் பொய்ம்மையில் ஆழ்த்திவிடும் என்று கருதினர். 1928ஆம் ஆண்டில் கொர்னேய் சுகோவ்ஸ்கி என்னும் சிறுவர் இலக்கியக் கவிஞரின் படைப்பை, கல்வித்துறையில் செல்வாக்குப் பெற்றிருந்த நதேழ்தா குரூப்ஸ்கயா 'பிராவ்தா' நாளிதழில் கடுமையாகச் சாடினார். மக்சீம் கார்க்கி போன்றோர் குழந்தைகளின் கற்பனைக்குத் துணைநின்றனர். 1930களின் நடுப்பகுதியில் இந்நிலை மாறி, நாட்டுப்புறக் கதைகளுக்கு மீண்டும் இடம் கிடைத்தது.

கதைகளுக்குக் கதவு திறந்த அதே காலத்தில் பாவைகளுக்குக் கதவு அடைபடத் தொடங்கியது. 1936ஆம் ஆண்டில் மாஸ்கோவில், பின்னாளில் 'சோயுஸ்முல்த்ஃபிலிம்' எனப் பெயர்பெற்ற அசைவூட்டப்பட நிலையம் நிறுவப்பட்டது. வால்ட் டிஸ்னியின் படங்கள் உலகெங்கும் புகழ்பெற்றிருந்த நேரம் அது. எனவே, அந்நிலையம் ஒளிபுகும் தாள்களில் வரைந்து எடுக்கும் முறையையே பின்பற்றியது. மோஸ்ஃபிலிமில் பிதுஷ்கோவின் தலைமையில் இயங்கிய பாவைப்படப் பிரிவும் 1930களின் இறுதியில் நின்றுபோனது. 1950களின் நடுப்பகுதியில்தான் சோயுஸ்முல்த்ஃபிலிம் பாவைப் படங்களை முறையாக எடுக்கத் தொடங்கியது. இடைப்பட்ட பதினைந்து ஆண்டுகள் அக்கலைக்கு ஏறத்தாழ வறண்ட காலம்.

பிரிவு மூடப்படுவதற்கு முன் பிதுஷ்கோ, பூஷ்கினின் கதையைத் தழுவி 'மீனவனும் மீனும்' (1937) என்னும் வண்ணப் பாவைப் படத்தை இயக்கினார். அடுத்து, அலெக்சேய் தல்ஸ்தோயின் 'பொற்சாவி' (1939) கதையைப் படமாக்கினார். மரப்பாவை உயிர்பெறும் இத்தாலியக் கதையான 'பினோக்கியோ'வின் இரஷ்ய வடிவம் அது. இதிலும் பாவைகளும் மனிதர்களும் சேர்ந்து தோன்றினர். பாவைகளின் நாடு அவருக்கு மறுக்கப்பட்டபோது, அங்குக் கற்ற நுணுக்கங்களை அவர் மனிதர்கள் நடிக்கும் படங்களுக்குள் கொண்டுசென்றார். ஒரு துறையில் அடைபட்ட வழி இன்னொரு துறையில் திறந்தது. அவருடைய பிற்கால வாழ்வு முழுவதையும் தீர்மானித்த திருப்பம் இதுவே.

ஒற்றைக் கண்ணின் குறை

மனிதனுக்கு இரண்டு கண்கள். அவை இரண்டும் சேர்ந்து பொருள்களின் தொலைவை உணர்த்துகின்றன. ஒளிப்பதிவுக் கருவிக்கு ஒரே கண். தொலைவை அது அறியாது. இக்குறையையே காட்சி விளைவுக் கலைஞர்கள் தம் ஆற்றலாக மாற்றினர். பிதுஷ்கோவும் ஒளிப்பதிவாளர் ரென்கோவும் இணைந்து, இத்தகைய கலப்புப் படப்பிடிப்பு முறைகளைப் பற்றி 1941ஆம் ஆண்டில் ஒரு நூல் வெளியிட்டனர். அக்காலத்தில் வழங்கிய முறைகளுள் மூன்றை இங்குக் காண்போம்.

முதலாவது, தொலைவுப் பொருத்தம். 20 மீட்டர் உயரக் கோபுரம் ஒன்று கதைக்குத் தேவை எனக் கொள்வோம். அதைக் கட்டப் பொருளும் காலமும் மிகுதியாக வேண்டும். அதற்கு மாற்றாக, ஒரு மீட்டர் உயர மாதிரியைக் கருவியிலிருந்து 2 மீட்டர் தொலைவில் வைக்கலாம். 40 மீட்டர் தொலைவில் உண்மையான கோபுரம் நின்றால் எவ்வளவு உயரமாகத் தெரியுமோ, அவ்வளவே இம்மாதிரியும் தெரியும். நடிகர்கள் தொலைவில் நடந்தால், அவர்கள் கோபுரத்தின் அடியில் நடப்பதாகவே தோன்றும். கருவி சிறிது பக்கவாட்டில் நகர்ந்தாலும் இப்பொருத்தம் குலைந்துவிடும். அருகிலுள்ள மாதிரியும் தொலைவிலுள்ள மனிதரும் ஒரே தெளிவுடன் பதிய வேண்டும் என்பதால், வில்லையின் துளையைச் சுருக்கி, மிகுந்த ஒளியைப் பாய்ச்சவும் வேண்டும்.

இரண்டாவது, இருமுறைப் பதிவு. வில்லையின் ஒரு பகுதியைக் கறுப்பு அட்டையால் மறைத்து ஒரு காட்சியைப் பதிவு செய்வர். பின்னர்ப் படச்சுருளைத் தொடக்கத்துக்குச் சுற்றிக்கொண்டுவந்து, பதிந்த பகுதியை மறைத்து, எஞ்சிய பகுதியில் வேறொரு காட்சியைப் பதிவு செய்வர். ஓர் அரக்கனின் பெரிய தலையும் அவன்முன் நிற்கும் சிறிய வீரனும் இவ்வாறு ஒரே சட்டகத்தில் இடம்பெற முடியும். இரண்டாம் பதிவில் பிழை நேர்ந்தால் முதற்பதிவும் வீணாகும். படச்சுருளைக் கழுவிப் பார்க்கும்வரை வெற்றியா தோல்வியா என்பது எவருக்கும் தெரியாது.

மூன்றாவது, கால மாற்றம். சிறு கப்பல் மாதிரியைத் தொட்டியில் மிதக்கவிட்டுப் படமெடுத்தால், அலைகள் துள்ளும் விரைவே அது பொம்மை என்பதைக் காட்டிக்கொடுத்துவிடும். சிறிய பொருள் விரைவில் விழும். பெரிய பொருள் விழ நேரமாகும். ஆகவே, நொடிக்குக் கூடுதல் சட்டகங்கள் எடுத்து, திரையில் இயல்பான விரைவில் ஓட்டுவர். மாதிரி 16 மடங்கு சிறியதாயின், 16இன் வர்க்கமூலமாகிய 4 மடங்கு விரைவில், அதாவது நொடிக்கு 96 சட்டகங்கள் எடுக்க வேண்டும். அப்போது தொட்டியின் சிற்றலை, கடலின் பேரலையாகக் கனத்து எழும். இயற்பியல் வகுப்பில் நாம் கற்கும் ஈர்ப்பு விதி, திரையில் புயலை உருவாக்கத் துணைசெய்கிறது.

'கல்மலர்'

இரண்டாம் உலகப்போரின்போது மாஸ்கோவின் திரைப்பட நிலையங்கள் கசகஸ்தானின் அல்மா-அதா நகருக்கு இடம்பெயர்ந்தன. பிதுஷ்கோ அங்குப் போர்ப் படங்களுக்குத் தந்திரக் காட்சிகள் அமைத்தார். போர் முடியும் தறுவாயில் சோயுஸ்முல்த்ஃபிலிம் நிலையத்தின் தலைமைப் பொறுப்பையும் சிறிது காலம் ஏற்றிருந்தார். 1946ஆம் ஆண்டில் அவருடைய 'கல்மலர்' வெளிவந்தது.

யூரல் மலைப்பகுதிச் சுரங்கத் தொழிலாளரிடையே வழங்கிய கதைகளைப் பாவெல் பஷோவ் தொகுத்து எழுதியிருந்தார். அக்கதைகளைத் தழுவியது இப்படம். தனீலா என்னும் இளம் கல்தச்சன், பச்சை நிற மலக்கைட்டுக் கல்லில் உயிருள்ள மலர் ஒன்றைச் செதுக்க விழைகிறான். எத்தனை முறை செதுக்கினாலும் அது கல்லாகவே நிற்கிறது, மலராக மாறவில்லை. செம்புமலைத் தலைவியிடம் உண்மையான கல்மலர் இருப்பதை அறிந்து, மணப்பெண்ணையும் விட்டுவிட்டு மலைக்குள் செல்கிறான். கலையின் நிறைவு ஒருபுறமும் மனிதரின் அன்பு மறுபுறமும் அவனை இழுக்கின்றன. பல்லாண்டு பாவைகளோடு வாழ்ந்த ஒருவர் இக்கதையைத் தேர்ந்தெடுத்ததில் வியப்பில்லை. உயிரற்ற பொருளில் உயிரைக் காண முயலும் கலைஞனின் ஏக்கமே இதன் மையம்.

போரில் தோற்ற ஜெர்மனியிலிருந்து கிடைத்த 'அக்ஃபாகலர்' வண்ணப் படச்சுருளில் இப்படம் எடுக்கப்பட்டது. செக்கோஸ்லோவாக்கியாவின் பிராகா நகரிலுள்ள பாரந்தோவ் படப்பிடிப்பகம் இதற்குப் பயன்பட்டது. மலைக்குள் ஒளிரும் மணிக்கற்களின் வண்ணங்களை ஒளிப்பதிவாளர் ஃபியோதர் பிரவோரவ் திரையில் கொண்டுவந்தார். போரின் சாம்பலும் இடிபாடும் கண்முன் நிறைந்திருந்த மக்கள் இவ்வண்ணங்களைக் காணத் திரண்டனர். 1946ஆம் ஆண்டு பிரான்சின் கான் நகரில் நடைபெற்ற முதல் திரைப்பட விழாவில் வண்ணத்துக்கான பரிசை இப்படம் பெற்றது.

கடலடியும் மூன்றுதலை நாகமும்

1950களில் பிதுஷ்கோ இரஷ்யப் பழங்கதைகளைப் பெருந்திரையில் வடித்தார். 'சாத்கோ' (1953) நோவ்கரத் நகரத்து யாழ்ப்பாணன் ஒருவனின் கதை. மக்களின் துயர் தீர்க்க, இன்பப் பறவையைத் தேடி அவன் கடல் கடந்து செல்கிறான். அவனுடைய பயணம் இந்தியாவுக்கும் வருகிறது. அங்கே பெண்முகம் கொண்ட பறவை ஒன்று இனிய குரலால் பாடிக் கேட்போரை உறங்கவைக்கிறது. இரஷ்யப் பழங்கதை மனத்தில் இந்தியா எத்தகைய மாயநாடாகப் பதிந்திருந்தது என்பதை இக்காட்சிகள் காட்டுகின்றன. கடலரசனின் ஆழ்கடல் அரண்மனைவரை சென்று திரும்பும் சாத்கோ, தேடிய இன்பம் தன் சொந்த மண்ணிலேயே இருப்பதை உணர்கிறான். 1953ஆம் ஆண்டு வெனிஸ் திரைப்பட விழாவில் இப்படம் வெள்ளிச் சிங்க விருது பெற்றது. ஜப்பானின் மிசோகுச்சி, இத்தாலியின் ஃபெலினி ஆகியோரின் படங்களும் அவ்வாண்டு அதே விருதைப் பெற்றன.

'இல்யா மூரமெத்ஸ்' (1956) சோவியத் நாட்டின் முதல் அகன்றதிரைக் கதைப்படம். நெடுங்காலம் முடங்கிக் கிடந்து பின் வலிமை பெற்ற உழவன் ஒருவன், நாட்டைக் காக்கும் வீரனாக உயர்வதை இது சொல்கிறது. சீழ்க்கை ஒலியால் புயலை எழுப்பும் கொள்ளையனும் தீ கக்கும் மூன்றுதலை நாகமும் இதில் தோன்றுகின்றனர். படைத்தலைவன் தொலைவைக் காண்பதற்காகப் படைவீரர்களே ஒருவர்மேல் ஒருவர் ஏறிக் குன்றாக அமையும் காட்சி மறக்கவியலாதது. அடுத்து வந்த 'சம்போ' (1959), ஃபின்லாந்தின் 'கலேவலா' காப்பியத்தைத் தழுவி அந்நாட்டுடன் இணைந்து தயாரிக்கப்பட்டது.

பெயர் இழந்த படங்கள்

அமெரிக்காவும் சோவியத் நாடும் பகைத்து நின்ற பனிப்போர்க் காலம் அது. பிதுஷ்கோவின் படங்களை அமெரிக்க வணிகர்கள் சிலர் விலைக்கு வாங்கினர். சோவியத் படம் என்று அறிந்தால் மக்கள் வரமாட்டார்கள் என எண்ணி, அவற்றை வெட்டிக் குறைத்து, ஆங்கிலக் குரல் சேர்த்து, வேறு பெயர்களில் வெளியிட்டனர்.

'சாத்கோ' 1962ஆம் ஆண்டில் 'சிந்துபாதின் மாயப் பயணம்' என்னும் பொருள்படும் பெயருடன் வெளிவந்தது. நோவ்கரத் நகரத்து யாழிசைக் கலைஞன் அரபுக் கதையின் சிந்துபாத் ஆனான். இயக்குநரின் பெயரும் ஆங்கிலப் பெயர்போல் ஒலிக்குமாறு மாற்றப்பட்டது. அந்தத் தழுவலுக்கு எழுத்துப்பணி செய்த இளைஞர், பிற்காலத்தில் 'காட்ஃபாதர்' படத்தால் உலகப்புகழ் பெற்ற ஃபிரான்சிஸ் ஃபோர்டு கொப்போலா. 'இல்யா மூரமெத்ஸ்', 'சம்போ' ஆகியனவும் இவ்வாறே பெயர்மாறி அங்கே ஓடின. வெட்டுண்ட படங்களைப் பார்த்த சிலர் அவற்றை மலிவான வேடிக்கைப் படங்கள் என நகைத்தனர். மூலப்படத்தின் இசையும் கதைப்போக்கும் அவர்களை எட்டவேயில்லை.

ஒரு படைப்பை வேறு மொழிக்குக் கொண்டுசெல்வது நற்பணியே. அதைப் படைத்தவரின் பெயரையும் பிறந்த மண்ணையும் அழித்துவிட்டுக் கொண்டுசெல்வது அப்பணியாகாது. அரசியல் கருத்துக்கு இடமளித்தே படமெடுக்க நேர்ந்தது சொந்த நாட்டில். அரசியல் பகையால் பெயரை இழக்க நேர்ந்தது அயல்நாட்டில். இவ்விரு நெருக்கடிகளுக்கும் நடுவே பிதுஷ்கோவின் கலை வாழ்ந்தது. பிற்காலத்தில் அவருடைய மூலப்படங்கள் செப்பனிடப்பட்டு அவருடைய பெயருடனேயே பிற நாடுகளையும் அடைந்தன.

கையால் செய்த அற்புதம்

1961ஆம் ஆண்டில் அலெக்சாந்தர் கிரீனின் 'செந்நிறப் பாய்கள்' குறுநாவலைப் பிதுஷ்கோ படமாக்கினார். செந்நிறப் பாய் விரித்த கப்பல் ஒருநாள் தன்னைத் தேடிவரும் என்னும் நம்பிக்கையோடு வாழ்கிறாள் ஏழைப்பெண் அஸ்ஸோல். ஊரார் அவளை எள்ளுகின்றனர். அதைக் கேள்வியுற்ற கப்பல் தலைவன் ஒருவன், செந்நிறப் பட்டு வாங்கித் தன் கப்பலுக்குப் பாய் தைத்து அவளிடம் வருகிறான். வானிலிருந்து வர வேண்டிய அற்புதத்தை மனிதன் தன் கையால் செய்து தருகிறான். அஸ்ஸோலாக நடித்த அனஸ்தாசியா வெர்தின்ஸ்கயாவுக்கு இதுவே முதற்படம். அவருடைய தாய் லிதியா வெர்தின்ஸ்கயாவே 'சாத்கோ' படத்தில் பெண்முகப் பறவையாகத் தோன்றியவர்.

பின்னர்ப் பூஷ்கினின் கதையைத் தழுவி 'சல்தான் மன்னனின் கதை' (1966) வெளிவந்தது. கோகலின் கதையைத் தழுவி இளம் இயக்குநர் இருவர் எடுத்த 'விய்' (1967) என்னும் அச்சமூட்டும் படத்துக்குப் பிதுஷ்கோ காட்சி விளைவுகள் அமைத்துத் துணைநின்றார். 1969ஆம் ஆண்டில் 'சோவியத் ஒன்றிய மக்கள் கலைஞர்' என்னும் உயர்சிறப்புப் பட்டம் பெற்றார். பூஷ்கினின் காப்பியத்தைத் தழுவிய 'ருஸ்லானும் லுத்மீலாவும்' (1972) அவருடைய இறுதிப்படம். 1973ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் அவர் மறைந்தார்.

இன்று காட்சி விளைவுகளைக் கணினி எளிதாக்கியிருக்கிறது. எனினும், பொருளின் எடையை உணர்த்துவது எப்படி, ஒளியும் நிழலும் பொருந்துவது எப்படி, பொய்யான முகத்தில் உண்மையான உணர்வைக் காட்டுவது எப்படி என்னும் கேள்விகள் மாறவில்லை. அவற்றுக்கு முதலில் விடை தேடியவர்கள், விளக்கொளியின் வெம்மையில் பாவையின் கையை இம்மியளவு உயர்த்திவிட்டுச் சட்டகத்துக்கு வெளியே விலகி நின்றவர்கள். ஒரு படம் முடிந்ததும் திரையில் ஓடும் நீண்ட பெயர்ப்பட்டியலை நாம் பெரும்பாலும் படிப்பதில்லை. இருக்கையை விட்டு எழுந்துவிடுகிறோம். ஒரு நிமிடம் அமர்ந்து அப்பெயர்களைப் படிப்பது, கண்ணுக்குத் தெரியாத கைகளுக்கு நாம் செலுத்தும் எளிய நன்றியாகும்.

கற்பவை கற்றபின்...

1. கைப்பேசியின் ஒளிப்பதிவுக் கருவியைப் பயன்படுத்தி, தீப்பெட்டி அல்லது களிமண் உருவம் ஒன்று நகர்வதுபோல் பத்து நொடிக் காட்சியை உருவாக்குக. எத்தனை படங்கள் எடுத்தீர்கள் எனக் குறித்து வகுப்பில் பகிர்க.

2. நீங்கள் அண்மையில் பார்த்த திரைப்படம் ஒன்றின் பெயர்ப்பட்டியலைப் படித்து, அதில் இடம்பெற்ற தொழில்நுட்பப் பணிகளைத் தமிழில் தொகுத்து எழுதுக.

மதிப்பீடு

குறுவினா
1. பாவை அசைவூட்டம் எவ்வாறு நிகழ்கிறது?
2. சிறு மாதிரிகளைப் படமெடுக்கும்போது கூடுதல் சட்டகங்கள் எடுப்பது ஏன்?

சிறுவினா
1. பாவைப்படப் பிரிவு மூடப்பட்டது பிதுஷ்கோவின் கலைவாழ்வை எவ்வாறு மாற்றியது?
2. 'கல்மலர்' கதையின் மையக்கருத்தைப் பிதுஷ்கோவின் வாழ்வோடு ஒப்பிடுக.

நெடுவினா
1. 'கலைஞரின் படைப்பும் அவர் காலத்து அரசியலும்' என்னும் பொருளில், பாடச் செய்திகளைச் சான்றாகக் கொண்டு கட்டுரை வரைக.